அழைத்ததால் வராதவர்கள்

போன வாரம் வெலிமிர் லூகிச்சை ஒரு நாற்காலிக்குச் சாண் தூரத்தில் நிற்க வைத்துவிட்டு வந்தோம். இந்த வாரமும் மனிதர் அங்கேயேதான் நிற்கிறார். கால் வலிக்கிறது. முகத்தில் மட்டும் புன்னகை.

நாற்காலி, கோஷாவா ஏர் நிறுவனத்தின் தலைமை இயக்குநருடையது. முன்பு உட்கார்ந்திருந்தவர் உடல்நலக் காரணங்களுக்காக விலகினார். அவருடைய உடல்நலம் மந்திரியின் மனநிலையைப் பொறுத்தது என்பது பெல்கிரேடில் டாக்சி ஓட்டுகிறவர்களுக்குக்கூடத் தெரியும். கோஷாவா என்பது குளிர்காலத்தில் தென்கிழக்கிலிருந்து வந்து இந்த ஊர் மேல் விழுகிற காற்று. விமானங்களை இறங்க விடாமல் அடிக்கிற காற்றின் பெயரை விமானக் கம்பெனிக்கு வைத்தார்கள். அந்தப் பெயர் சூட்டும் குழுவிலும் வெலிமிர் இருந்தார்.

நாற்காலி உங்களுக்குத்தான் என்று துணை மந்திரி சொல்லிவிட்டார். அதற்கு முன் ஒரே ஒரு சின்ன வேலை. திங்கட்கிழமை ஊழியர் கூட்டத்தில் வெலிமிர் மேடையேற வேண்டும். மூட்டை ஏற்றுகிற, படிக்கட்டு தள்ளுகிற, இறக்கையில் உறைந்த பனியை உருக்குகிற தரைப்பிரிவு முழுவதும் வெளியார் கம்பெனி ஒன்றுக்குப் போகிறது என்று அறிவிக்க வேண்டும். அங்கே வேலை செய்கிறவர்கள் வீட்டுக்குப் போகிறார்கள் என்பதைச் சொல்ல வேண்டியதில்லை. அது தானாகப் புரிந்துவிடும்.

தரைப்பிரிவின் தலைவர் ராதோயே. அவர் வெலிமிரின் கூம்.

கூம் என்றால் வெலிமிரின் கல்யாணத்தில் சாட்சி நின்றவர். மகள் துன்யாவுக்கு ஞானஸ்நானம் கொடுத்தபோது அவளைக் கையில் ஏந்தியவர். இந்த ஊரில் அண்ணன் தம்பி பிரியலாம், புருஷன் பெண்டாட்டி கோர்ட்டுக்குப் போகலாம். கூம் உறவை ரத்து செய்ய மட்டும் எந்த அலுவலகத்திலும் கவுண்டர் கிடையாது.

ராதோயேவுக்குத் திங்கட்கிழமை சமாசாரம் தெரியாது. அப்படித்தான் வெலிமிர் நம்பிக்கொண்டிருந்தார்.

இந்தச் சனிக்கிழமை புனித நிக்கோலாவின் நாள். லூகிச் குடும்பத்தின் ஸ்லாவா. அப்பனிடமிருந்து மகனுக்கு வருகிற குலப்புனிதரின் திருநாள். பெல்கிரேடில் பாதி வீடுகளுக்கு நிக்கோலாதான் புனிதர் என்பதால் இன்று பாதி ஊர் மீன் பொரிக்கும், மீதி ஊர் சாப்பிடப் போகும்.

காலையில் புதிய பெல்கிரேடின் ஏழாவது மாடி வீட்டில் மெழுகுவர்த்தி ஏற்றியாகிவிட்டது. மேஜை மேல் சடங்கு ரொட்டி, சர்க்கரையும் அக்ரூட்டும் சேர்த்து வேகவைத்த கோதுமை, சிவப்பு ஒயின். நோன்புக் காலம், ஆகவே கறி இல்லை, வெண்ணெய் இல்லை. அடுக்களையில் மனைவி கோர்தானா ஒரு படைக்குப் போதுமான கெண்டை மீனைச் செதில் நீக்கிக்கொண்டிருந்தாள். பள்ளிக்கூடத்தில் வேதியியல் நடத்துகிறவள். எதையும் சரியான அளவில் கலப்பவள், கோபம் உட்பட.

துன்யா அதிகாலை விமானத்தில் பணி முடித்து, சீருடையோடு, சக்கரப் பெட்டியை உருட்டிக்கொண்டு வந்தாள். அப்பாவின் கம்பெனியில்தான் விமானப் பணிப்பெண். அப்பா யார் என்பதைச் சொல்லாமல் வேலை செய்ய அவள் மூன்று வருடம் பாடுபட்டது எல்லோருக்கும் தெரியும்.

ஷூவைக்கூடக் கழற்றாமல் அடுக்களை வாசலில் நின்றாள்.

"அம்மா, இந்த வருஷம் ஸ்லாவாவுக்குக் கார்டு போட்டோமா?"

"என்ன கார்டு?"

"அப்போ உனக்கும் வரல."

கோர்தானா கத்தியைக் கீழே வைத்தாள்.

விமானத்தில் அந்தக் கார்டைப் பற்றித்தான் பேச்சு என்று துன்யா சொன்னாள். தடித்த அட்டை, தங்க விளிம்பு. புனித நிக்கோலாவின் நாளை முன்னிட்டுக் காலை பதினொன்று முதல் பிற்பகல் இரண்டு வரை தங்கள் வருகையை எதிர்பார்க்கிறோம், வருகையை முன்கூட்டியே உறுதிசெய்யவும். விமானி ஒருவர் அதைப் பயணிகளுக்கான அறிவிப்பு போலப் படித்துக் காட்டியிருக்கிறார். எல்லோரும் சிரித்தார்கள். துன்யாவும் சிரித்திருக்கிறாள், வேறு வழியில்லாமல்.

ஸ்லாவாவுக்கு அழைக்கக் கூடாது. இதை இந்த ஊரில் யாரும் யாருக்கும் சொல்லிக்கொடுப்பதில்லை, மூச்சு விடச் சொல்லிக்கொடுக்காதது போல. அந்த நாளில் கதவு திறந்திருக்கும். வருகிறவன் வருவான், எப்போது போவான் என்று யாரும் கேட்க மாட்டார்கள். அழைத்தால், அழைக்காதவன் வரக் கூடாது என்று ஆகிவிடும். புனிதரின் வாசலில் காவல்காரனை நிறுத்தின மாதிரி.

வெலிமிர் வரவேற்பறையில் நின்று, கண்ணாடி அலமாரியில் தெரிந்த தன் உருவத்துக்கு வரவேற்புரை ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தார். கோர்தானா செதில் ஒட்டிய கையோடு வந்து நின்றாள். விஷயத்தைக் கேட்டாள்.

அவர் மறுக்கவில்லை. நிர்வாகக் குழுவுக்கும் அமைச்சகத்துக்கும் பங்கு வாங்க வந்திருக்கும் வெளிநாட்டவர் இருவருக்கும் மட்டும்தான் என்றார். வெளிநாட்டவருக்கு நம் வழக்கம் தெரியாது. அவர்கள் நாட்காட்டியைப் பார்த்து நடக்கிறவர்கள். இது ஒரு தொடர்பு உத்தி என்று ஆலோசகர்கள் சொன்னார்கள் என்றார்.

"நிர்வாகக் குழுவுல இருக்கறவங்க எல்லாம் நம்ம ஊர்க்காரங்கதானே? அவங்க அம்மாவும் நாட்காட்டியைப் பார்த்தா நடந்தாங்க?"

"கோர்தானா, காலம் மாறுது."

"கூமுக்கு அனுப்பினியா?"

"அவனுக்கு எதுக்கு? அவன் கூம்." தான் குற்றமற்றவன் என்பதற்கு இதைவிட என்ன சாட்சி வேண்டும் என்பது போல நிமிர்ந்தார்.

"அதைத்தான் ஏர்போர்ட் பூரா சொல்லிட்டுத் திரியறாங்க. கார்டு வந்தவனுக்கு அவமானம். வராதவனுக்கு வாசல் இல்ல. எல்லாரையும் ஒரே அடியில வெளிய தள்ளியிருக்கே. உன் ஆபீஸ் பாஷையில இதுக்குப் பேர் என்ன?"

வெலிமிர் போனை எடுத்தார். ராதோயேவிடம் இப்போதே பேசி விடுகிறேன் என்றார்.

"பேசி? வான்னு சொல்லுவியா?"

போனை வைத்துவிட்டார்.

அழைக்கக் கூடாத இடத்தில் அழைத்தாயிற்று. இப்போது அழைக்க வேண்டிய ஒருவனை அழைக்கவும் முடியாது. அழைத்தால் அது இரண்டாவது கார்டு.

இவருக்கும் ராதோயேவுக்கும் நடுவில் இருப்பது என்ன என்று புதிதாகப் படிக்க வந்தவர்களுக்குச் சொல்லிவிடுகிறேன். இருவரும் ஒரே நாளில் வேலைக்குச் சேர்ந்தவர்கள், யூகோஸ்லாவியா என்று ஒரு நாடு இருந்தபோது. வெலிமிர் கவுண்டரில் உட்கார்ந்து பயணிகளின் பெட்டியை வாங்குவார். சுவருக்குப் பின்னால் ராதோயே அதைத் தூக்கி வண்டியில் எறிவார். பிறகு உலகம் இந்த நாட்டின் மீது தடை போட்டது. விமானம் எதுவும் பறக்கவில்லை. அந்தக் குளிர்காலங்களில் இருவரும் ஓடுபாதை ஓரத்தில் நின்றுபோன விமானங்களுக்குக் காவல் இருந்தார்கள். எஞ்சின்களுக்கு உறை போட்டார்கள், முதல் வகுப்பு இருக்கைகளில் கம்பளி போர்த்திக்கொண்டு சீட்டு விளையாடினார்கள். வெலிமிர் வாழ்க்கையில் முதல் வகுப்பை மனதார அனுபவித்தது அப்போதுதான்.

தடை நீங்கியதும் வெலிமிருக்கு ஏற்றம். கிளை மேலாளர், பகுதி மேலாளர், இயக்குநர், இப்போது வணிகப் பிரிவின் முதுநிலைத் துணைத் தலைவர். இந்தப் பதவி அவருடைய முகவரி அட்டையில் ஒரு வரியில் அடங்குவதில்லை. உயர உயர அவருடைய வாக்கியங்கள் நீண்டன. அந்த வாக்கியங்களில் மனிதர்கள் குறைந்துகொண்டே வந்தார்கள். முதலில் "நான் ரத்து செய்தேன்" என்பார். பிறகு "நாங்கள் ரத்து செய்தோம்". கடைசியில் "சேவைகள் மறுசீரமைக்கப்பட்டன". யார் செய்தது என்று கேட்டால் காற்றைத்தான் கைகாட்ட வேண்டும்.

பாதிரியார் வந்தபோது மூக்கு சிவந்திருந்தது. இன்று அவருக்கு வீடு வீடாக ஓட்டம். ஒவ்வொரு வீட்டிலும் ஒரு மிடறு. ஜெபத்தைச் சொல்லி, ரொட்டியில் சிலுவையாகக் கீறி, ஒயின் ஊற்றினார். ரொட்டியை வீட்டுக்காரரோடு சேர்ந்து பிடித்துச் சுழற்ற வருடா வருடம் நிற்பவர் எங்கே என்று சுற்றிப் பார்த்தார்.

"கூம் எங்க?"

வருவான் என்றார் வெலிமிர். துன்யா சீருடைக் கையை மடக்கிவிட்டுக்கொண்டு ரொட்டியின் மறுபக்கத்தைப் பிடித்தாள். பாதிரியார் வாசலில் ஷூ மாட்டும்போது, இப்போதெல்லாம் கார்டு போடுகிறார்களாமே, அடுத்த வருஷம் எனக்கும் அனுப்புவீர்களா என்று கேட்டார். ஜலதோஷக் குரலில் கேட்டதால் கிண்டலா நிஜமா என்று தெரியவில்லை.

பதினொன்று அடித்ததும் துணை மந்திரி வந்தார். வெளிநாட்டவர் இருவரும் கூடவே. கார்டில் போட்டிருந்த நேரத்தை மதித்த மூன்றே பேர். நிர்வாகக் குழுவிலிருந்து ஒருவரும் இல்லை. அவர்கள் எல்லோருக்கும் திடீரென்று வேறு நிக்கோலா வீடுகள் கிடைத்துவிட்டன.

கோதுமையை உள்ளே வரும்போது ஒரு கரண்டி வாயில் போட்டுக்கொண்டால் போதும். வெளிநாட்டவர்களில் ஒருவர் தட்டு கேட்டு வாங்கி நிறையச் சாப்பிட்டார். மிக ஆரோக்கியமான காலை உணவு என்று பாராட்டினார். கோர்தானா அவருக்கு இன்னும் போட்டாள். அந்த வீட்டில் அன்று குற்றமில்லாத ஒரே மனிதர் அவர்தான் என்று அவளுக்குத் தோன்றியிருக்க வேண்டும்.

துணை மந்திரி வெலிமிரைப் பால்கனிக்கு அழைத்துப்போனார். கீழே சாவா நதியின் மேல் பனிமூட்டம். திங்கட்கிழமை உரையைப் படித்தேன், நன்றாக இருக்கிறது, "குடும்பம்" என்ற வார்த்தை இரண்டு இடத்தில் குறைகிறது என்றார்.

"இதை நீங்க சொல்றதுதான் சரி, லூகிச். நீங்க அவங்கள்ள ஒருத்தர். வேற யாராவது சொன்னா கத்துவாங்க. நீங்க சொன்னா வெட்கப்படுவாங்க."

"அப்புறம்?"

"அப்புறம் நாற்காலி. வசந்தம் வரைக்கும்."

வெலிமிர் வசந்தம் என்ற சொல்லில் சற்று நின்றார்.

"அதுக்கப்புறம் பங்குதாரர்கள் சர்வதேச அனுபவம் உள்ள ஒருத்தரைப் போடுவாங்க. நீங்க ஆலோசகரா இருப்பீங்க. ஓய்வா."

வாழ்த்துச் சொல்கிற தொனியில்தான் சொன்னார். இந்த நாட்டில் ஆலோசகர் என்பது கோட்டு மாட்டும் ஆணிக்கும் வாசற்கதவுக்கும் நடுவில் இருக்கிற பதவி. வெலிமிரே பலரை ஆலோசகர் ஆக்கியிருக்கிறார். அவர்களுக்கு எந்தத் தொனியில் சொன்னோம் என்று இப்போது ஞாபகப்படுத்திப் பார்த்தார். இதே தொனிதான்.

மூவரும் மீனைத் தொட்டுவிட்டு, கார்டில் அனுமதித்த நேரத்தில் பாதிகூட ஆகுமுன் போனார்கள்.

அதன் பிறகு வீட்டில் லிஃப்டின் சத்தம் மட்டும். லிஃப்ட் ஏறும். வீட்டார் மூன்று பேரும் பேச்சை நிறுத்துவார்கள். அது ஐந்தாவது மாடியில் நிற்கும். அங்கே ஒரு பல் டாக்டர், அவருக்கும் நிக்கோலாதான். கதவு திறந்ததும் சிரிப்பும் பாட்டும் படிக்கட்டு வழியாக மேலே வரும். பல் டாக்டர் கார்டு அடிக்கவில்லை.

ஒருமுறை ஏழாவது மாடியிலேயே நின்றது. வெலிமிர் கோட்டுப் பொத்தானைப் போட்டுக்கொண்டு ஓடினார். கையில் பூங்கொத்தோடு ஒரு தம்பதி. வணக்கம் சொன்னார்கள், சிலுவைக் குறி இட்டார்கள், கோதுமை எடுத்தார்கள், உட்கார்ந்தார்கள், ராக்கியா என்கிற பழச்சாராயத்தில் முதல் கிளாஸைக் குடித்தார்கள். பிறகு அந்தப் பெண் அக்கம்பக்கம் பார்த்து, டாக்டர் எங்கே என்று கேட்டாள்.

மாடி தவறி வந்தவர்கள். ஆனால் கோதுமை சாப்பிட்டாயிற்று. எழுந்து போனால் மரியாதையில்லை. கோர்தானா போகவும் விடவில்லை. நன்றாகச் சாப்பிட்டார்கள். அந்த மனிதருக்கு மேல் தாடையில் ஒரு பல் பிடுங்கியிருந்தது, அதன் வரலாறு முழுவதையும் வெலிமிர் கேட்டார். வீட்டுக்காரர் என்பதால் நின்றபடியே கேட்டார். விருந்தாளி இருக்கும்போது வீட்டுக்காரர் உட்காரக் கூடாது. அவருடைய முட்டிகளுக்கு அந்த வழக்கம் பிடிக்கவில்லை.

"நல்ல வேளை, ஒரு குடும்பமாவது அழைக்காம வந்துச்சு," என்றாள் துன்யா, அவர்கள் கீழே போனதும்.

அப்பா மேஜையைப் பார்த்துக்கொண்டிருந்தார். தொடப்படாத தட்டுகள், ஆறிப்போன பீன்ஸ், கண் விழித்துப் பார்க்கிற மீன்கள். வருடா வருடம் இந்த அறையில் விமானிகள், மெக்கானிக்குகள், கவுண்டர் பெண்கள், ஓய்வு பெற்றவர்கள் என்று நாற்காலி போதாமல் ஜன்னல் விளிம்பில் உட்கார்வார்கள். அவர்கள் தன் பதவிக்காக வருகிறார்கள் என்று கொஞ்ச வருடங்களாக வெலிமிர் எண்ணி, உள்ளுக்குள் சலித்துக்கொள்வது உண்டு. பதவி இன்றும் அவரிடம்தான் இருந்தது.

கோர்தானா எதிரே வந்து உட்கார்ந்தாள். ராதோயே வராவிட்டால் திங்கட்கிழமை மேடையில் நிற்கிறவனை எனக்குத் தெரியாது என்று நிதானமாகச் சொன்னாள். வந்துவிட்டால், அவனிடம் சொல்லாமல் அனுப்பினால், அப்போதும் தெரியாது. பாடம் நடத்துகிற குரலில் சொன்னதால் வெலிமிர் தலையாட்டினார்.

இருட்டின பிறகு மணி அடித்தது. லிஃப்ட் சத்தம் கேட்கவில்லை. வந்தவர் படியேறி வந்திருந்தார்.

ராதோயே. பெரிய உருவம், பனியில் வெந்த காதுகள். மனைவி அவளுடைய தம்பி வீட்டு ஸ்லாவாவுக்குப் போயிருப்பதாகச் சொன்னார். ஒயின் பாட்டிலைக் கோர்தானாவிடம் கொடுத்தார். துன்யாவின் தலையில் முத்தமிட்டார். மெழுகுவர்த்தி முன்னால் சிலுவைக் குறி போட்டு, ஒரு கரண்டி கோதுமை எடுத்தார். கடைசியில்தான் வெலிமிர் பக்கம் திரும்பினார்.

"முதல்லயே சொல்லிடறேன், கூமே. நான் நிக்கோலா வீட்டுக்கு வந்திருக்கேன். அவர் எனக்கு ஒரு தடவைகூடக் கார்டு அனுப்பினதில்ல."

"உட்காருடா."

உட்கார்ந்தார். இரவுப் பணிக்கு ஏழு மணிக்கு இருக்க வேண்டும், குடிக்க மாட்டேன் என்றார். கெண்டையின் தலைப்பக்கத்தைக் கேட்டு வாங்கினார். கொஞ்ச நேரம் காற்றைப் பற்றிப் பேசினார்கள். நாளை காற்று வலுக்கும் என்றார் ராதோயே. வெலிமிர் நின்றபடி அவர் தட்டில் பீன்ஸ் போட்டார். கேட்காமலே இன்னும் கொஞ்சம் போட்டார்.

பிறகு, நிறுவனத்தின் நீண்டகாலப் போட்டித்திறனை முன்னிட்டு, தரைச் சேவைகளின் செயல்பாட்டு மாதிரி ஒரு மாற்றத்துக்கு உட்படுத்தப்படவிருக்கிறது என்று ஆரம்பித்தார்.

ராதோயே முள்ளைப் பிரித்துக்கொண்டே கேட்டார்.

"கூமே, மனுஷன் பேசற மாதிரி பேசு."

வெலிமிர் கரண்டியைக் கீழே வைத்தார்.

"திங்கக்கிழமை உங்க எல்லாரையும் வேலைய விட்டு அனுப்பறோம். நான்தான் மேடையில சொல்லப்போறேன். சொன்னா தலைமை இயக்குநர் ஆக்கறாங்க."

பல வருடங்களுக்குப் பிறகு அவர் வாயிலிருந்து வந்த, செய்கிறவன் யார் என்று தெரிகிற வாக்கியம். சொல்லிவிட்டு அவரே கொஞ்சம் திகைத்துப்போனார்.

ராதோயே மென்று முடித்தார்.

"வியாழக்கிழமையே தெரியும். ரெண்டு பேர் வந்து, நாங்க துணி மாத்தற ரூமை டேப் வச்சு அளந்தாங்க. எதுக்குன்னு கேட்டேன். காபி மெஷின் வைக்கப்போறோம்னாங்க. எத்தனை வருஷமா கேக்கறோம் அந்த மெஷினை. அப்பவே புரிஞ்சுபோச்சு, அது எங்களுக்கு இல்லன்னு."

"தெரிஞ்சுமா வந்தீங்க?" என்றாள் துன்யா.

"சாப்பிடறதுக்கு முன்னாடி சொல்றானா, சாப்பிட்டப்புறம் சொல்றானா, சொல்லாமலே அனுப்பறானான்னு பார்க்கலாம்னு வந்தேன், மகளே."

"எப்பச் சொன்னாரு?"

"நடுவுல. வாய்ல முள்ளு இருக்கறப்ப." ராதோயே தட்டை நகர்த்தினார். "உங்கப்பன் எப்பவும் நடுவுலதான்."

ராதோயே கைக்குட்டையால் விரல்களைத் துடைத்துக்கொண்டு, இனி நடக்கப்போவதைச் சொன்னார். ஏழு மணிக்குப் பணி மாறும். போகிறவர்களும் வருகிறவர்களும் அந்த அறையில் கொஞ்ச நேரம் ஒன்றாக இருப்பார்கள். அப்போது சொல்லிவிடப்போகிறேன். திங்கட்கிழமை மேடை போட்டு, பூச்சாடி வைத்து, பெரிய மனிதர்கள் முன்வரிசையில் உட்கார்ந்திருக்க, தெரியாத செய்தியைக் கேட்டு வாய் பிளக்கிற கூட்டமாக என் ஆட்களை நிறுத்த மாட்டேன்.

அவர் சொன்னால் செய்தி ஒரு மணி நேரத்தில் தொலைக்காட்சியில் வரும். மேடை கிடையாது, ஆகவே நாற்காலியும் கிடையாது. வசந்தம் வரைக்குமான நாற்காலிகூட. வெலிமிருக்கு அது புரிந்தது. ராதோயேவுக்கும் புரிந்திருந்தது. அவர் கோட்டை எடுத்து மாட்டத் தொடங்கினார்.

அவரைத் தடுக்க ஒரு வழி இருந்தது. மேஜையைச் சுற்றி இருந்த நாலு பேருக்கும் அது தெரியும். கூம் உறவுக்குக் காவல் புனித யோவான். கடவுள் பேராலும் யோவான் பேராலும் கூம் ஒன்றைக் கேட்டுவிட்டால் மறுக்க முடியாது. உயிர்ப் பிச்சை கேட்கிற நேரத்துக்கென்று வைத்திருக்கிற சொல் அது. ஒருவர் வாழ்நாளில் ஒருமுறைகூடப் பயன்படுத்தாமலே செத்துப்போவது வழக்கம்.

வெலிமிர் கதவுக்கும் ராதோயேவுக்கும் நடுவில் போய் நின்றார்.

"கூமே. கடவுள் பேராலயும் புனித யோவான் பேராலயும் கேக்கறேன்."

கோர்தானா கண்ணை மூடிக்கொண்டாள். ராதோயேவின் முகம் கல்லாயிற்று. கோட்டின் ஒரு கைக்குள் போன கை அங்கேயே நின்றது.

"கேளு," என்றார்.

"நீ அவங்ககிட்ட சொல்லாதே."

ஐந்தாவது மாடியில் யாரோ அக்கார்டியன் வாசித்தார்கள்.

"நான் சொல்றேன். இன்னைக்கே. என்னைக் கூட்டிட்டுப் போ."

ராதோயே மற்றக் கையையும் கோட்டுக்குள் விட்டார்.

"இதுக்கா யோவானை இழுத்தே? சும்மா கேட்டிருந்தா முடியாதுன்னு சொல்லியிருப்பேன்."

"அதனாலதான் இழுத்தேன்."

அது துணிச்சலா, அல்லது மேடை கைநழுவும்போது வேறொரு மேடையைப் பிடித்துக்கொள்கிற பழக்கமா என்று எனக்கும் தெரியாது. கோர்தானாவுக்கும் தெரியவில்லை. கழுத்துத்துணியைக் கொண்டுவந்து கணவனின் கழுத்தில் சுற்றினாள், சற்று இறுக்கமாகவே.

"அங்க மைக் இருக்காது, அப்பா," என்றாள் துன்யா.

ராதோயேவின் பழைய காரில் போனார்கள். நெடுஞ்சாலையில் காற்று காரைப் பக்கவாட்டில் தள்ளியது. வெலிமிர் வழியெல்லாம் மனதுக்குள் ஒரு முதல் வாக்கியத்தைத் தேடினார். "அன்பான சக ஊழியர்களே" என்று தொடங்கி அழித்தார். "நமது குடும்பம்" என்று தொடங்கி அதையும் அழித்தார். ராதோயே ஒருமுறை மட்டும், சாலையை விட்டுக் கண்ணெடுக்காமல், உரை எழுதி வைத்திருக்கிறாயா என்று கேட்டார். இல்லை என்றார் வெலிமிர். நல்லது என்றார் ராதோயே.

ஊழியர் வாசலில் வெலிமிர் தன் அடையாள அட்டையை இயந்திரத்தில் காட்டினார். சிவப்பு விளக்கு எரிந்தது. இன்னொரு முறை காட்டினார். மறுபடியும் சிவப்பு. முதுநிலைத் துணைத் தலைவரின் அட்டை எந்த நாட்டு விமான நிலையத்தின் சொகுசு ஓய்வறையையும் திறக்கும். மூட்டை ஏற்றுகிற இடத்தின் கதவை மட்டும் திறக்காது. அங்கே அவருக்கு வேலை இருக்கும் என்று யாரும் நினைத்திருக்கவில்லை, அந்த அனுமதி முறையை வகுத்த அவர் உட்பட.

காவலர் ஒரு கயிற்றில் தொங்கும் பிளாஸ்டிக் அட்டையை நீட்டினார். "பார்வையாளர்" என்று போட்டிருந்தது. பொறுப்பேற்கிறவர் யார் என்று கேட்டார். ராதோயே பேனாவை வாங்கிக் கையெழுத்துப் போட்டார்.

உள்ளே நீள அறை. ஈர ஜாக்கெட் வாசனை, இரும்பு அலமாரிகள். பணி முடிந்தவர்கள் கையுறையைக் கழற்றிக்கொண்டிருந்தார்கள், வந்தவர்கள் மாட்டிக்கொண்டிருந்தார்கள். வாசலில் நின்றபோதே வெலிமிரின் பையில் போன் அதிர்ந்தது. எடுத்துப் பார்த்தார். துணை மந்திரி. சனிக்கிழமை மாலை, இந்த நேரத்தில், அவர் அழைக்க என்ன இருக்கிறது? வெலிமிர் வீட்டைவிட்டுக் கிளம்பியது மேஜையில் இருந்தவர்களுக்கும் இந்த வாசலில் இருந்த காவலருக்கும் தவிர வேறு யாருக்கும் தெரியாது. போன் நின்றது. மறுபடி அதிரத் தொடங்கியது.

அறையில் ஒவ்வொருவராகத் திரும்பினார்கள். வயதானவர்கள் வெலிமிரைக் கண்டதும் பேச்சை நிறுத்தினார்கள். முந்தின வருடம் சேர்ந்த ஒருவன், ஷூக் கயிறு கட்டிக்கொண்டிருந்தவன், நிமிர்ந்து கோட்டையும் கழுத்துத்துணியையும் மார்பில் தொங்கிய அட்டையையும் பார்த்தான்.

"யாருண்ணே இது?" என்று ராதோயேவைக் கேட்டான்.

ராதோயே கதவைச் சாத்தினார். கொஞ்சம் யோசித்தார். சொல்ல அவருக்கு எத்தனையோ பதில்கள் இருந்தன, எல்லாமே உண்மை.

"என் கூம்," என்றார். "ஏதோ சொல்லணுமாம்."